புதுவைத் தண்டனைச் சட்ட வரலாறும் கணவன் கொடுமைக்கு உட்பட்ட பெண்டிரும்

முன்னுரை

புதுச்சேரியினின்றும் சென்னைக்குச் செல்லும் கிழக்குக் கடற்கரைச் சாலையில், நகருக்கு வடக்கே அமைந்தது காலாப்பட்டு. கிழக்கே வங்கக் கடல். ஏனைப் புறங்களில் தமிழ்நாட்டு நிலம். இடையே பிரெஞ்சு ஆட்சிக்கு உரியதாய் இருந்த சிறு நிலப்பகுதி. மீனவர் வாழும் இவ்வூரில் இன்று மூன்று நிலையங்கள் உள்ளன. ஒன்று, 1985-இல் தோன்றிய புதுவைப் பல்கலைக்கழகம். மற்றொன்று, டாக்டர் அம்பேத்கர் அரசினர் சட்டக் கல்லூரி. பிறிதொன்று, நகரினுள் இருந்து பிற்காலத்தே இங்கு மாற்றப்பட்ட நடுவண் சிறை. இலக்கியம் பயில்வாரும், சட்டம் பயில்வாரும், அச்சட்டத்தால் தண்டம் பெற்றாரும் ஓரூரினராய் அமைந்தமை, இம்மூன்றையும் இணைத்து நோக்கும் ஓர் ஆராய்ச்சிக்கு வாயிலாகின்றது.

கணவனது கொடுமைக்குப் பன்னாள் உட்பட்டு, முடிவில் அவனைக் கொன்று சிறை புகுந்த பெண்டிர் உளர். அவன் அச்சுறுத்தலால் பிறிதொரு குற்றம் புரிந்து சிறை புகுந்தாரும் உளர். வாழ்வை வெறுத்து மக்களோடு கிணற்றில் வீழ்ந்து, மக்கள் மாயத் தாம் மட்டும் பிழைத்துக் கொலைக் குற்றம் சுமந்தாரும் உளர். இவர்கள் முதற்கண் துன்புறுத்தப்பட்டோர், பின்னரே குற்றவாளிகள். இவ்விரு நிலைகளுள் சட்டம் எதனைக் கண்டது, எதனைக் காணாது விட்டது என்பதைப் புதுவையில் வழங்கிய இருவகைத் தண்டனைச் சட்டங்களையும், அவற்றின் பின் எழுந்த தீர்ப்புகளையும், தமிழ்க் கதை மரபையும் கொண்டு ஆய்தல் இக்கட்டுரையின் நோக்கம். தனிப்பட்ட சிறைவாசியர் எவரைப் பற்றியும் ஈண்டுக் கூறப்புகவில்லை. சட்டம் செயலைக் கணத்தால் அளக்கின்றது. இப்பெண்டிரின் துன்பமோ ஆண்டுகளால் அளக்கப்பட வேண்டுவது. இவ்விரு அளவைகளுக்கும் இடையே உள்ள முரணே இவ்வரலாற்றின் உயிர்நிலை என்பது இக்கட்டுரையின் கருத்தாகும்.

குண்டலகேசி கதை

தன்னைக் கொல்லத் துணிந்த கணவனைத் தான் முந்திக் கொன்ற பெண் ஒருத்தியின் கதையைத் தமிழ் உலகம் நெடுநாளாக அறியும். ஐம்பெருங் காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசி நாதகுத்தனாரால் இயற்றப்பெற்றது. அந்நூலுள் பத்தொன்பது பாடல்களே இன்று எஞ்சியுள்ளன. ஆயினும் அதன் கதையை நீலகேசி உரையால் அறிகின்றோம். வணிகர் குலத்துப் பத்திரை, கொலைக்களத்துக்குக் கொண்டு செல்லப்பட்ட காளன் என்னும் கள்வனைக் கண்டு காதலித்தாள். தந்தை அவனை மீட்டு மணம் முடித்தான். ஒருநாள் ஊடலிடையே அவள் அவனது பழைய தொழிலைச் சுட்டி ஒரு சொல் கூறினாள். அச்சொல்லை மனத்துட்கொண்ட காளன் அவளை மலையுச்சிக்கு அழைத்துச் சென்று, தள்ளிக் கொல்லப் போவதை அறிவித்தான். இறக்குமுன் கணவனை வலம் வர விழைவதாகக் கூறிய பத்திரை, பின்புறம் வந்தபோது அவனைத் தள்ளி வீழ்த்தினாள்.

இக்கதை பாலி நூல்களிலும் காணப்படுகின்றது. ஆண்டுக் கணவன் அவளைக் கொல்லக் கருதியது அவளுடைய அணிகலன்களைக் கவர்தற்பொருட்டு. தமிழ்க் கதையிலோ அணிகலன் காரணம் அன்று. மனைவி கூறிய ஒரு சொல்லே காரணம். பாலிக் கதை கள்வன் ஒருவனது பேராசையைக் கூறுகின்றது. தமிழ்க் கதை இல்லறத்துள் எழுந்த சினத்தைக் கூறுகின்றது. விளையாட்டாகக் கூறிய சொல்லுக்கு உயிரையே விலையாகக் கேட்கும் கணவனைத் தமிழ்க் கதை காட்டுவது, நம் ஆராய்ச்சிக்குப் பெரிதும் பயன்படுவதாம்.

பிறிதொன்றும் நோக்கத்தக்கது. அவளை எந்த வேந்தனும் விசாரித்ததாகக் கதை கூறவில்லை. ஆயினும் அவள் இல்லம் திரும்பவில்லை. கணவன் எங்கே என வினவுவார்க்கு உண்மையைக் கூறின் பழிச்சொல்லுக்கு ஆளாக நேரும் என்று அவள் அஞ்சியதாகப் பாலி உரை உரைக்கும். சட்டத்தின் தண்டம் இல்லாத இடத்தும் ஊரின் தண்டம் இருந்தது என்பது இதனாற் போதரும். துறவே அவளுக்குப் புகலிடமாயிற்று.

பத்திரையின் செயல் நிகழ்ந்தது அவளது உயிர் ஊசலாடிய அதே கணத்தில். எனவே அக்கணத்தை மட்டும் நோக்கும் எந்தச் சட்டமும் அவளை விடுவிக்கும். அவள் அன்று உயிர் தப்பி இல்லம் திரும்பி, காளன் உறங்கும்போது இச்செயலைச் செய்திருப்பின்? அவளது அச்சம் குறைந்திராது. அவனது கொலை எண்ணமும் மாறியிராது. ஆயின் சட்டத்தின் விடை மாறியிருக்கும். இவ்வேறுபாட்டை இனிப் புதுவைச் சட்ட வரலாற்றில் காண்போம்.

பிரெஞ்சுச் சட்டத்தின் நிலை

1819-ஆம் ஆண்டு சனவரி 6-ஆம் நாள் ஆணையால் பிரெஞ்சுச் சட்டத் தொகுதிகள் புதுச்சேரியில் அறிவிக்கப்பெற்றன. திருமணம், வாரிசு முதலிய குடியியல் செய்திகளில் இந்தியர் தத்தம் வழக்காறுகளின்படி வாழ விடப்பட்டனர். குற்றவியலிலோ பிரெஞ்சுத் தண்டனைச் சட்டம் ஆட்சி புரிந்தது. நெப்போலியன் காலத்தில், 1810-இல் இயற்றப்பட்ட அச்சட்டத்தின் சில பிரிவுகள் நம் பொருளுக்கு இன்றியமையாதன.

அடியாலோ கடும் வன்முறையாலோ தூண்டப்பட்டு ஒருவர் கொலை செய்யின், அக்கொலை மன்னிக்கத்தக்கது என்று அதன் 321-ஆம் பிரிவு கூறிற்று. மன்னிக்கத்தக்கது என்பதற்குத் தண்டனை இல்லை என்பது பொருளன்று. மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ பெற வேண்டிய குற்றத்திற்கு ஓராண்டு முதல் ஐந்தாண்டு வரையிலான சிறையே விதிக்கப்படும் என்பது 326-ஆம் பிரிவின் கருத்து. இம்மட்டில் நோக்கின், அடியுண்ட மனைவிக்கு இது பெரியதொரு காப்பாகத் தோன்றும்.

ஆயின் 324-ஆம் பிரிவு இக்காப்பைப் பறித்தது. கணவன் மனைவியைக் கொல்லினும், மனைவி கணவனைக் கொல்லினும், கொலை நிகழ்ந்த அதே கணத்தில் கொன்றவரின் உயிர் இடருக்கு உள்ளாகியிருந்தாலன்றி, அக்கொலை மன்னிக்கத்தக்கதன்று என்று அது விதித்தது. இதன் விளைவு யாது? வழிப்போக்கன் ஒருவனால் அடியுண்டு அவனைக் கொன்றவளுக்கு மன்னிப்பு உண்டு. பன்னாள் அடித்த கணவனைக் கொன்றவளுக்கு, அக்கணத்தில் உயிருக்கு இடர் இருந்ததை நிறுவினாலன்றி, மன்னிப்பு இல்லை. திருமணம் என்னும் உறவே அவளது காப்பைக் குறைத்தது எனலாம்.

அதே பிரிவின் இரண்டாம் பகுதி கணவனுக்கு மட்டும் ஒரு விலக்கை அளித்தது. மனைவி பிறனுடன் கூடியிருத்தலைத் தன் இல்லத்திலேயே கையுங்களவுமாகக் கண்ட கணவன் அவ்விருவரையும் கொல்லின், அது மன்னிக்கத்தக்கது. அவனுக்கு உயிரிடர் இருந்திருக்க வேண்டுவதில்லை. கணவனைப் பிறளுடன் கண்ட மனைவிக்கு இவ்விலக்கு இல்லை. பிறனுடன் கூடிய மனைவிக்கு மூன்று திங்கள் முதல் ஈராண்டு வரை சிறை; காமக்கிழத்தியை இல்லத்திலேயே வைத்துக்கொண்ட கணவனுக்குத் தண்டத்தொகை மட்டுமே. ஆண்மகனின் சினத்திற்குச் சட்டம் ஒரு கணத்தை ஒதுக்கி வைத்தது. பெண்ணின் அச்சத்திற்கும் ஒரு கணத்தையே ஒதுக்கியது. சினம் கணத்தில் எழுவது. அச்சமோ நாட்பட வளர்வது. ஆதலின் ஒரே அளவுகோல் இருவர்க்கும் ஒத்த நீதியை வழங்கவில்லை.

இச்சட்டத்தில் பெண்ணுக்கு ஓரளவு துணையாகக் கூடிய பிரிவு ஒன்றும் இருந்தது. தம்மால் எதிர்க்க இயலாத ஆற்றலால் கட்டாயப்படுத்தப்பட்டோர் செய்த செயல் குற்றமாகாது என 64-ஆம் பிரிவு கூறிற்று. நீதிமன்றங்கள் இதனை இறுக்கமாகவே பொருள்கொண்டன எனினும், சொல்லளவில் அது பரந்தது. இதனைப் பின்னர் ஒப்பிடுவோம்.

1963-இல் நிகழ்ந்த மாற்றம்

1954-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் புதுவையின் ஆட்சி நடைமுறையில் இந்தியாவிடம் வந்தது. சட்டப்படியான மாற்றம் 1962 ஆகஸ்டு 16-இல் நிறைவுற்றது. கொடி மாறிய அன்றே சட்டம் மாறிவிடவில்லை. 1963-ஆம் ஆண்டுப் புதுச்சேரிச் சட்டங்கள் ஒழுங்குமுறையின்படி, அவ்வாண்டு அக்டோபர் முதல் நாளிலிருந்தே இந்தியத் தண்டனைச் சட்டம் இங்கு நடைமுறைக்கு வந்தது. இந்து திருமணச் சட்டமும் அதே நாளில், பிரெஞ்சுக் குடியியல் சட்டத்தைத் தமக்கு ஏற்றுக்கொண்ட இந்தியர் நீங்கலாக, விரிவாக்கப்பெற்றது. அதுகாறும் மணவிலக்கு என்னும் வாயில் புதுவை இந்துப் பெண்டிர்க்கு அடைக்கப்பட்டே இருந்தது. சென்னை மாநிலத்துப் பெண்டிர்க்கு அவ்வாயில் 1949-ஆம் ஆண்டுச் சட்டத்தாலேயே திறக்கப்பட்டமை ஈண்டு ஒப்புநோக்கத்தக்கது. வெளியேறும் வழி இல்லாத இல்லத்தில் நிகழும் கொலையைச் சட்டம் எங்ஙனம் அளத்தல் வேண்டும் என்பது, எனவே, வெறும் தண்டனைச் சட்ட வினா மட்டும் அன்று.

மாற்றத்தால் வந்த ஊதியமும் இழப்பும் இரண்டும் உள. இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 324-ஆம் பிரிவு போன்ற தனி விதி இல்லை. கணவன், மனைவி என்னும் வேறுபாடின்றி எல்லார்க்கும் ஒரே விதிவிலக்கு: கடுமையானதும் திடீரென்று நேர்ந்ததுமான சினமூட்டலால் தன்னடக்கம் இழந்த நிலையில் கொல்லின், அது கொலைக்குற்றம் ஆகாது. மனையறத்தின் பெயரால் காப்பைக் குறைக்கும் விதி நீங்கியது ஊதியம். ஆயின் 'திடீர்' என்னும் ஒரு சொல் புதிதாக வந்து சேர்ந்தது. தற்காப்புரிமையும் அவ்வாறே. உயிருக்கோ பெருங்காயத்திற்கோ அஞ்சத்தக்க தாக்குதல் நேரின், தாக்குவோனைக் கொல்லும் அளவிற்கும் அவ்வுரிமை செல்லும் என்பது 100-ஆம் பிரிவு. அச்சம் எழுந்த உடனேயே அவ்வுரிமை தொடங்கும் என்பது 102-ஆம் பிரிவு. எனினும் அரசினரின் காவலை நாட நேரம் இருந்தால் அவ்வுரிமை இல்லை என்று 99-ஆம் பிரிவு வரையறுத்தது. கடற்கரைக் குடிசையொன்றில் நள்ளிரவில் அடியுண்டு கிடப்பவளுக்குக் காவல் நிலையம் எத்துணைத் தொலைவு என்பதைச் சட்டநூல் கூறாது.

'திடீர்' என்னும் சொல்லின் வரலாறு

இச்சொல்லின் பொருளை வரையறுத்த புகழ்பெற்ற தீர்ப்பு ஒரு கணவனின் வழக்கில் எழுந்தது. மனைவியின் காதலனைச் சுட்டுக் கொன்ற கடற்படை அதிகாரி நானாவதியின் வழக்கில், 1961 நவம்பரில் இந்திய உச்ச நீதிமன்றம் சில நெறிகளை வகுத்தது. அவருடைய சமுதாய நிலையில் உள்ள இயல்பான மனிதன் ஒருவன் தன்னடக்கம் இழப்பானா என்பது ஒரு நெறி. சொல்லும் சைகையுங்கூடச் சினமூட்டலாகலாம் என்பது மற்றொன்று. இறந்தவரின் முன்செயல்களால் உருவான மனப்பின்னணியையும் கருத்திற்கொள்ளலாம் என்பது பிறிதொன்று. ஆயினும் சினம் தணிய நேரம் இருந்தபின் செய்த கொலைக்கு அவ்விலக்கு இல்லை என்று கூறி, சில மணி நேரம் கழிந்தமையால் அவருக்கு அதனை நீதிமன்றம் மறுத்தது. 1964-இல் மராட்டிய மாநில ஆளுநர் விஜயலட்சுமி பண்டிட் அவருக்கு மன்னிப்பு வழங்கினார்.

சினத்தைத் தணிக்கும் நீராகக் காலத்தைக் கருதுகின்றது இந்நெறி. பெருமிதம் புண்பட்ட ஆடவனின் சினத்திற்கு அது பொருந்தலாம். நாள்தோறும் அடியுண்பவளுக்குக் காலம் நீரன்று. மேலும் மேலும் இடப்படும் விறகு ஆகும். அவன் உறங்கும் வரை அவள் காத்திருத்தல் சினம் தணிந்தமைக்கு அடையாளமன்று. விழித்திருக்கும் அவனை எதிர்க்கும் உடல்வலி இன்மைக்கு அடையாளம். சட்டமோ அக்காத்திருத்தலைத் திட்டமிட்ட கொலைக்குச் சான்றாகக் கொள்ளும். ஆயினும் முன்செயல்களால் உருவாகும் மனப்பின்னணி என்னும் நெறியில் ஒரு வித்து மறைந்திருந்தது. கணவன் ஒருவன் பொருட்டு விதைக்கப்பட்ட அவ்வித்து, பிற்காலத்தே பெண்டிர் வழக்குகளுக்குப் பயன்படலாயிற்று.

தொடர்ந்த சினமூட்டலும் நல்லதங்காளும்

1989-இல் சென்னை உயர் நீதிமன்றம் வழங்கிய ஒரு தீர்ப்பு இவ்வரலாற்றில் ஒரு திருப்பம். மக்களோடு கிணற்றில் வீழ்ந்து தான் மட்டும் பிழைத்த தாய் ஒருத்தியின் வழக்கு அது. திடீர்ச் சினமூட்டல் வேறு, தொடர்ந்த சினமூட்டல் வேறு என்று அந்நீதிமன்றம் தெளிவாகப் பிரித்தது. தொடர்ந்த சினமூட்டலில் பல செயல்கள் ஒரு கால அளவில் பரவி நிகழ்கின்றன; இறுதியாக நிகழ்வது அற்பமானதாகக் கூட இருக்கலாம். சட்ட நூலில் எழுதப்பட்ட விதிவிலக்குகளுள் இஃது இல்லை. நீதிமன்றங்கள் தாமே சேர்த்த ஒன்று என்பதையும் அத்தீர்ப்பு ஒளிக்காது கூறிற்று.

இக்கருத்து தமிழர்க்குப் புதிதன்று. மெல்லிய மயிற்பீலியே ஆயினும் அளவிறந்து ஏற்றினால் வண்டியின் அச்சு முறியும் என்னும் வள்ளுவர் உவமையை ஈண்டு நினைவுகூர்தல் தகும். அவர் அதனை வலியறிதல் அதிகாரத்தில், வேந்தனுக்கு அறிவுரையாகக் கூறினார். அச்சு முறிந்ததற்கு இறுதிப் பீலியை மட்டும் காரணமாகக் கூறுதல் அறிவுடைமை ஆகாது. பெண்ணொருத்தியின் செயலை ஆராயப் புகுவோரும் முழுச் சுமையையும் நிறுத்தல் வேண்டும்.

இத்தகைய தாய்மாரின் நிலைக்குச் சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்புகள் நல்லதங்காளின் பெயரை வழங்கியுள்ளமை தமிழாய்வாளர் கருத்தில் இருத்தத்தக்கது. வற்கடத்தால் வாடி, ஏழு மக்களோடு தமையன் இல்லம் நாடிச் சென்று, அண்ணியின் கொடுமையால் மனமுடைந்து, மக்களைக் கிணற்றில் இட்டுத் தானும் வீழ்ந்தவள் நல்லதங்காள். அவளைக் கொன்றவள் என்று நாட்டுப்புற மக்கள் பழிக்கவில்லை. அவள் கதையைப் பாடியும் ஆடியும் கேட்டும் கண்ணீர் உகுத்தனர். விருதுநகர் மாவட்டம் வத்திராயிருப்பை அடுத்த அருச்சுனாபுரத்தில் அவளுக்குக் கோயிலும் உண்டு. ஊர் மக்களின் உள்ளம் முழுக் கதையையும் கேட்ட பின்னரே தீர்ப்புக் கூறியது. சட்டம் அக்கதையின் பெயரைக் கடனாகப் பெற்றது, தன்னிடம் அதற்குரிய சொல் இல்லாமையால் என்க. ஆயினும் கதையில் நல்லதங்காள் மக்களோடு மாய்ந்தாள். வழக்கில் தாய் பிழைத்துக் கூண்டில் நின்றாள். இறந்தவளுக்கு இரங்குவது எளிது. பிழைத்தவளுக்கு நீதி வழங்குவதே அரிது.

2013-இல் குவாகத்தி உயர் நீதிமன்றம், நெடுநாள் அடியுண்டு கணவனைக் கொன்ற மனைவி ஒருத்தியின் வழக்கில், தொடர்ந்து துன்புறுத்தப்பட்ட பெண்ணின் உளநிலை பற்றிய அயல்நாட்டு ஆய்வுகளையும் கருத்திற்கொண்டு, கொலைக்குற்றத்தைக் கொலையாகாத மரணம் விளைவித்தலாகக் குறைத்தது. 2012-இல் மதுரை மாவட்டத்தில், மகளைக் கணவனின் வன்முறையினின்றும் காக்க முயன்று அவனைக் கொன்ற தாய் ஒருத்தியைக் காவல்துறையினர் 100-ஆம் பிரிவைச் சுட்டி விடுவித்தனர். இவற்றுள் பின்னது கணத்தின் அளவையால் பெற்ற விடுதலை. முன்னது காலத்தின் அளவையால் பெற்ற தண்டனைக் குறைப்பு. கணத்தின் அளவை முழு விடுதலை தர வல்லது. காலத்தின் அளவையோ இன்றளவும் தண்டனையைக் குறைக்க மட்டுமே வல்லதாய் உள்ளது.

அயல்நாடுகளில் கண்ட வளர்ச்சி

இம்முரண் நம் நாட்டிற்கே உரியதன்று. இங்கிலாந்தில் 1949-இல் நிகழ்ந்த டஃபி வழக்கில், திடீரெனத் தற்காலிகமாகத் தன்னடக்கம் இழத்தலே சினமூட்டல் என வரையறுக்கப்பட்டது. நெடுநாள் கொடுமை அக்கணத்திற்குப் பின்னணியே அன்றித் தானே காரணமாகாது என்பது அதன் கருத்து. பஞ்சாபினின்றும் சென்று குடியேறிய கிரண்ஜித் அலுவாலியா, பத்தாண்டுக் கொடுமைக்குப் பின் 1989-இல் கணவன் உறங்கும்போது தீயிட்டு, ஆயுள் தண்டனை பெற்றார். 1992-இல் மேல்முறையீட்டு மன்றம் அத்தீர்ப்பை நீக்கி மறுவிசாரணைக்கு ஆணையிட்டது. அவர்தம் உளநிலை குறைபட்டிருந்தமை ஏற்கப்பட்டு, ஏற்கெனவே கழித்த சிறைக்காலத்தோடு விடுதலை பெற்றார். 2009-ஆம் ஆண்டுச் சட்டம் 'திடீர்' என்னும் வேண்டுகையை அந்நாட்டில் அறவே நீக்கியது. கடும் வன்முறை பற்றிய அச்சத்தையும் தன்னடக்கம் இழத்தற்குரிய காரணமாக ஏற்றது. கனடா உச்ச நீதிமன்றம் 1990-இல் லாவலே வழக்கில், அடி விழும்வரை பெண் காத்திருத்தல் வேண்டும் என்பது பொருந்தாது என்று கூறித் தற்காப்புரிமையையே விரித்தது.

புதுவைக்குச் சட்டம் தந்த பிரான்சு நாட்டிலோ, மனைவியைக் கொன்ற கணவனுக்கு 324-ஆம் பிரிவு அளித்த விலக்கு 1975-இல்தான் நீங்கியது. புதுவை அதனை 1963-லேயே நீக்கிவிட்டது என்பது குறிப்பிடத்தக்கது. 1994-இல் நடைமுறைக்கு வந்த புதிய தண்டனைச் சட்டமும், தாக்குதல் நிகழும் அதே நேரத்தில் செய்வதே தற்காப்பு என்று வரையறுத்தது. நாற்பத்தேழு ஆண்டு மணவாழ்வில் கொடுமைக்கு உட்பட்டு 2012-இல் கணவனைச் சுட்டுக் கொன்ற சாக்லின் சொவாசு அம்மையார்க்குப் பத்தாண்டுச் சிறை விதிக்கப்பட்டது; தற்காப்பு ஏற்கப்படவில்லை. 2016-இல் குடியரசுத் தலைவர் ஒலாந்து முதலிற் பகுதியாகவும் பின்னர் முழுமையாகவும் மன்னிப்பு அளித்தே அவரை விடுவித்தார். சட்டம் தராத நீதியை அருள் தந்தது. ஆயின் அருள் ஒருவர்க்கு, சட்டமே எல்லார்க்கும்.

கணவன் ஏவலால் புரிந்த குற்றம்

கொலை ஒன்றே இப்பெண்டிரைச் சிறைக்குக் கொண்டு செல்வதில்லை. கணவனுக்கு அஞ்சிப் போதைப்பொருளைச் சுமந்தவளும், களவுப்பொருளை மறைத்தவளும், பொய்க் கையெழுத்திட்டவளும் குற்றவாளியே ஆவர். இவர்க்கு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 94-ஆம் பிரிவு உரியது. அச்சுறுத்தலால் செய்த செயல் குற்றமாகாது. ஆயின் உடனடியாக மரணம் நேரும் என்ற அச்சம் அச்செயலைச் செய்யும் நேரத்தே இருந்திருத்தல் வேண்டும். கொலைக்கு இவ்விலக்கு இல்லை. ஈண்டும் கணமே அளவை. இன்றிரவு அடிப்பான், குழந்தையை அடிப்பான், வீட்டினின்றும் துரத்துவான் என்னும் அச்சங்கள் இதனுள் அடங்கா.

எதிர்க்க இயலாத ஆற்றல் எனப் பொதுமையிற் கூறிய பிரெஞ்சுப் பிரிவோடு ஒப்பிடின், சொல்லளவில் 1963-இல் புதுவைப் பெண் ஓர் இழப்பையே எய்தினாள் எனலாம். 324-ஆம் பிரிவு நீங்கியது ஊதியம்; 64-ஆம் பிரிவு நீங்கியது இழப்பு. விடுதலையோடு வந்த சட்டம் எல்லாக் கூற்றிலும் விரிந்ததாகவே இருக்கும் என்னும் எண்ணத்தை இவ்வொப்பீடு திருத்துகின்றது.

சான்றும் சிறையும்

1983-இல் 498-அ பிரிவு சேர்க்கப்பட்டு, கணவனின் கொடுமை தனிக்குற்றமாயிற்று. 2005-ஆம் ஆண்டுக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் 2006 அக்டோபர் 26-இல் நடைமுறைக்கு வந்தது. இவ்விரண்டும் பெண்ணைத் துன்புறுத்தப்பட்டவளாகக் காண்கின்றன. ஆயின் அவளே கொலை வழக்கில் நிற்கும்போது, இவ்விரு சட்டங்களும் அவளுக்காகப் பேசுவதில்லை. விதிவிலக்கை நிறுவும் சுமை குற்றம் சாட்டப்பட்டவர் மேலதே என்பது சான்றுச் சட்ட நெறி. நான்கு சுவர்க்குள் பட்ட அடிக்குச் சான்று கூறுவார் யார்? கண்டவன் ஒருவன் இறந்தான், மற்றையோர் குழந்தைகள். முன்னர்ப் புகார் அளித்திலள் என்பதே அவளுக்கு எதிராக எண்ணப்படும். 2019-21 ஆண்டுகளில் நிகழ்ந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் மணமான பெண்டிருள் பத்தில் நால்வர்க்குச் சற்றுக் குறைவானோர் கணவனின் வன்முறையைக் கண்டவர்கள். இத்துணைப் பரந்த துன்பத்துள் மிகச் சிலரே குற்றம் புரிந்தனர் என்பதும் ஈண்டு நினையத்தக்கது.

கொலை எனத் தீர்ப்பாயின் மரணமோ ஆயுளோ தண்டம். 1978-இல் சேர்க்கப்பட்ட விதியின்படி, இத்தகைய ஆயுள் தண்டனையர் பதினான்கு ஆண்டு சிறையில் கழித்தாலன்றித் தண்டனைக் குறைப்பால் வெளிவருதல் இயலாது. கொலையாகாத மரணம் விளைவித்தல் எனத் தீர்ப்பாயின், நீதிபதி தண்டனையைப் பத்தாண்டிற்குள் அளந்து வழங்கலாம். எனவே 'திடீர்' என்னும் ஒரு சொல்லுக்குப் பொருள் காணுதல் வெறும் சொல்லாராய்ச்சி அன்று. ஒரு தாய் தன் மகவு வளர்வதைக் காண்பாளா, அது வளர்ந்தபின் காண்பாளா என்பதை அறுதியிடும் ஆராய்ச்சி.

2022-இன் முடிவில் இந்தியச் சிறைகளில் இருந்தோருள் பெண்டிர் நூற்றுக்கு ஏறத்தாழ நால்வர். அவர்களை வயது, கல்வி, குற்றப்பிரிவு முதலியவற்றால் பகுத்துக் காட்டும் அரசின் ஆண்டறிக்கை, குற்றத்திற்கு முன் கொடுமைக்கு உட்பட்டிருந்தனரா என்பதற்கு ஒரு கட்டம் வகுக்கவில்லை. எண்ணப்படாதது ஆராயப்படுவதில்லை.

முடிவுரை

2024 சூலை முதல் நாள் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா வந்தது. பிரிவு எண்கள் மாறின. கடுமையான திடீர்ச் சினமூட்டல் என்னும் விதிவிலக்கு மாறவில்லை. உடனடி மரண அச்சம் என்னும் வரம்பும் மாறவில்லை. தொடர்ந்த சினமூட்டல் இன்றும் தீர்ப்புகளில் வாழ்கின்றதே அன்றிச் சட்ட நூலில் இடம்பெறவில்லை. நீதிபதியின் பரிவைப் பொறுத்து அது கிடைக்கும் அல்லது கிடைக்காது போகும்.

இதுகாறும் கூறியவற்றால் மூன்று கருத்துகள் பெறப்படும். ஒன்று, 1810-இன் பிரெஞ்சுச் சட்டமும் 1860-இன் இந்தியச் சட்டமும் வெவ்வேறு சொற்களால் ஒரே கணத்தையே அளவையாகக் கொண்டன. இரண்டு, அவ்வளவை ஆடவனின் சினத்தை அடிப்படையாகக் கொண்டு வகுக்கப்பட்டமையால், பெண்ணின் நாட்பட்ட அச்சத்திற்குப் பொருந்திற்றிலது. மூன்று, அதனை விரிக்கும் முயற்சி சென்னை உயர் நீதிமன்றத்தில் தமிழ்க் கதையொன்றின் பெயரைத் தாங்கியே நடைபெற்றது. முதலிரண்டும் சட்டத்துறையார் ஆராயற்பாலன. மூன்றாவது தமிழ்த்துறையாரின் பங்கு. நல்லதங்காள் கதையின் பல்வேறு பாடங்கள், கணவன் கொடுமை கூறும் நாட்டுப்புறப் பாடல்கள், ஒப்பாரிகள் ஆகியவற்றை இந்நோக்கில் தொகுத்து ஆராய்தல், நீதிமன்றங்கள் ஒரு பெயரளவில் பெற்ற கடனுக்குப் பொருளும் சேர்க்கும் பணியாகும்.

காலாப்பட்டில் பல்கலைக்கழகமும் சட்டக் கல்லூரியும் சிறையும் ஓரூரில் உள்ளன. பத்திரையின் கதையை வகுப்பறையில் விளக்கும் ஆசிரியரும், விதிவிலக்கின் சொற்களைப் பயிலும் சட்ட மாணவரும் ஒரே வினாவையே எதிர்நோக்குகின்றனர். மலையுச்சியில் நின்ற கணத்தை மட்டும் கேட்பதா, மலை ஏறி வந்த வழி முழுவதையும் கேட்பதா என்பதே அவ்வினா. வழி முழுவதையும் கேட்ட பின்னர் வழங்கும் தீர்ப்பே முறையான தீர்ப்பு என்பது எம் துணிபு.